மூலையறையைக் காலி செய்யாத டீச்சர்

குற்றாலத்தில் மாமா நடத்திய விடுதிக்குச் சாரல் மாதங்களில்தான் உயிர் வரும். மற்ற நாட்களில் ஓட்டின் மேல் குரங்குகளும் மாடி மூலையறையில் ஒரு டீச்சரும்தான் மிச்சம். பாளையங்கோட்டையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அருவி தெரியும் ஜன்னலோரம் உட்கார்ந்து, தாமே காப்பி போட்டுக் குடிப்பார்.

அம்மாவுக்குப் பிரசவ சமயம் என்று தென்காசியிலிருந்து என்னை அங்கே விட்டிருந்தார்கள். "ஒத்தையில இருக்கியளே, பயமா இல்லையா?" என்று டீச்சரிடம் கேட்டேன்.

"கூட்டத்துல இருந்து பாத்துட்டுத்தான் வந்திருக்கேன்" என்றார்.

அந்த ஆடியில் சிவகிரிப் பக்கத்துப் பண்ணையார் குடும்பம் மாடி முழுவதையும் கேட்டது. மாமா படியேறிப் போய், கீழே விறகறைக்குப் பக்கத்து அறைக்கு மாறிக்கொள்ளச் சொன்னார்.

"நான் குளிக்க வந்தவ இல்ல அண்ணாச்சி, குடியிருக்கவ. போவ மாட்டேன்."

மாமா சண்டை போடவில்லை; அவர் மரியாதை தெரிந்தவர். மறுநாள் காலை ஆள் விட்டு, பழுது பார்ப்பதாகச் சொல்லி, மூலையறையின் ஓடுகளை மட்டும் இறக்கினார். மழை நேரே உள்ளே இறங்கியது. டீச்சர் கட்டிலை இழுத்துப் போட்டு, அதன்மேல் குடையை விரித்து உட்கார்ந்துகொண்டார்.

"இனி மாடிக்குச் சோறு போவக் கூடாது" என்றார் மாமா.

மாமா பேச்சுக்கு அத்தை மறுபேச்சுப் பேசி நான் பார்த்ததில்லை. அன்றும் பேசவில்லை. சோற்றையும் குழம்பையும் தூக்குச்சட்டியில் எடுத்துக்கொண்டு படியேறினாள்.

"ஏட்டி, அங்கன எதுக்குப் போறே?"

அத்தை திரும்பவில்லை. மேலே தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது. மாமா ஓடிப்போய்க் கதவைத் தட்டினார். "பண்ணையார் வண்டி வருத நேரம். ஆக்கிப்போட ஆள் வேண்டாமா?"

"ஓடு ஏறட்டும். நான் இறங்குதேன்" என்று உள்ளிருந்து அத்தையின் குரல் வந்தது. கூடவே இரண்டு பேரின் சிரிப்பும்.

மாமா வாசலைப் பார்த்தார், அணைந்து கிடந்த அடுப்பைப் பார்த்தார். பிறகு வேட்டியை மடித்துக் கட்டி, மழையில் தாமே ஏணியில் ஏறினார். பண்ணையார் வீட்டார் மற்ற அறைகளில் நெருக்கித் தங்கிக்கொண்டார்கள். டீச்சர் கடைசிவரை மூலையறையில்தான் இருந்தார்.

அத்தனை அறைகள் கொண்ட அந்தக் கட்டடத்தில், தாழ் போட்டுக்கொள்ள அத்தைக்கென்று ஓர் அறை கிடையாது. அப்போது அது எனக்கு உறைக்கவில்லை. நனைந்த புடவையோடு இறங்கி வந்தவள் அடுப்பை ஊதும்போதும் ஏன் சிரித்துக்கொண்டிருந்தாள் என்றுதான் யோசித்தேன்.