திமில் இல்லாத சரோஜா

தேவானையைப் பற்றிச் சொல்வதென்றால் முதலில் அவள் வாயைப் பற்றித்தான் சொல்ல வேண்டும். மந்தைவெளி பறக்கும் ரயில் நிலையத்துக்குப் பின்னால், கால்வாயை ஒட்டிய சந்தில் அவள் வீடு. அவள் பேச ஆரம்பித்தால் மேலே ரயில் போவது காதில் விழாது. நான் புரோகிதன். அம்பி சாஸ்திரிகள் என்றால் மயிலாப்பூரில் நாலு பேருக்குத் தெரியும். விடிந்தால் மந்திரம் சொல்லிப் பிழைக்கிற எனக்கே அவள் தொண்டையில் பாதிதான். "இன்னா ஐயரே, ஸ்கூட்டர நடு ரோட்டுல போட்டுக்கினு மாட்ட வேடிக்க பாத்துக்கினு கீற" என்று ஒருநாள் அவள் அதட்டியதில் தொடங்கியது எங்கள் பழக்கம்.

நான் வேடிக்கை பார்க்கவில்லை. கிரகப்பிரவேசத்துக்கு மாடு தேடிக்கொண்டிருந்தேன். புது வீட்டுக்குள் மனிதர்களுக்கு முன்னால் பசுவும் கன்றும் போக வேண்டும், கோ பூஜை நடக்க வேண்டும். வீடு கட்டுகிறவர்களுக்கு எல்லாம் கிடைக்கிறது, மாடு மட்டும் கிடைப்பதில்லை. தேவானை தன் மாட்டோடு வந்தாள். அன்று முதல் என் கிரகப்பிரவேசங்களுக்கு மாடு என்றால் அவளுடைய சரோஜாதான்.

சரோஜா ஜெர்சிக் கலப்பு. செம்பழுப்பு உடம்பு, மூக்கைச் சுற்றி வெள்ளை, முதுகு பலகை போல நேராக இருக்கும். அப்படிச் சாதுவான பிராணியை நான் பார்த்ததில்லை. தியாகராய நகரில் நாலாவது மாடி ஃப்ளாட் ஒன்றுக்கு லிஃப்டில் ஏற்றினோம். லிஃப்டுக்குள் கண்ணாடி. அதில் இன்னொரு மாடு நிற்பதைப் பார்த்துச் சரோஜா முறைத்தது. தேவானை தன் முந்தானையை விரித்துக் கண்ணாடியை மறைத்துக்கொண்டு, "அவ போய்ட்டாடி, நீ வா" என்று நாலு மாடிக்கும் பேசிக்கொண்டே வந்தாள். வீட்டுக்குள் சரோஜா சாணி போட்டால் லட்சுமி வந்துவிட்டாள் என்று கொண்டாடுவார்கள். பளபளவென்ற தரையிலிருந்து அந்த லட்சுமியை வழித்தெடுப்பது தேவானை.

புருஷன் போய்விட்டான். பெண்ணைக் கட்டிக் கொடுத்தாயிற்று. பாலை மட்டும் நம்பினால் தீவனத்துக்கே கட்டாது. கிரகப்பிரவேசந்தான் சரோஜாவுக்கு வைக்கோலும் தவிடும், தேவானைக்குச் சோறும்.

இந்தச் சோற்றில் மண்ணைப் போட்டது செல்போன். எவனோ ஒருவன் வீடியோ போட்டான். ஜெர்சி பசுவே இல்லையாம், வெள்ளைக்காரன் உண்டாக்கிய வேறு மிருகமாம், திமில் இருந்தால்தான் பசுவாம். தானமாக வந்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்த்தானாம் என்பார்கள். இப்போது பல்லை யாரும் பார்ப்பதில்லை, முதுகைத் தடவிப் பார்க்கிறார்கள். "மாமா, நாட்டு மாடா கொண்டு வாங்கோ" என்று ஒவ்வொரு ஆத்திலும் சொல்ல ஆரம்பித்தார்கள். எனக்கு எரிச்சலாக வரும். இதே வீடுகளில் அன்றைக்குக் காய்ச்சுகிற பால் பாக்கெட் பால். அதில் எத்தனை ஜெர்சி, எத்தனை எருமை என்று அந்தப் பகவானுக்குத்தான் தெரியும்.

தேவானை சும்மா இருக்கிறவள் அல்ல. மாடுகளுக்குச் சினை ஊசி போட வருகிற புகழேந்தியைப் பிடித்தாள். "இந்த தபா நாட்டுக் காளையோட ஊசி போடு. திமிலு வரணும்" என்றாள். காங்கேயம் காளையின் ஊசி போட்டான். சரோஜா ஈன்றது கிடாரிக் கன்று. சாம்பல் நிறம், தொங்கு கழுத்து, கையால் தடவினால் தெரிகிற மாதிரி முதுகில் சின்னதாக ஒரு மேடு. பட்டு என்று பெயர் வைத்தாள். சந்தில் போகிற வருகிறவர்களை எல்லாம் நிறுத்தி அந்த மேட்டைத் தடவ வைத்தாள். நானும் தடவினேன், வேறு வழியில்லை.

ஆனால் கன்றுக்குத் திமில் வந்ததே தவிர, தாய்க்கு வரவில்லையே. கூப்பிடுகிறவர்கள் குறைந்துகொண்டே போனார்கள். ஒருநாள் தேவானை தாழ்ந்த குரலில் பேசினாள். அவள் தாழ்ந்து பேசுவது அபூர்வம்.

"ஐயரே, ரெண்டு வாய்க்கும் எங்கையால தீனி போட முடியல. சரோஜாவ குட்த்துடலாம்னு கீறேன். கறவையில கீறப்பவே குட்த்தாதான் நல்ல வெல. பட்டுவ வெச்சிக்கறேன். திருவான்மியூர்ல ஒருத்தன் காங்கேயம் மாடு வெச்சிகினு கீறான். அதையும் பட்டுவையும் ஜோடி சேத்து இட்டுகினு போனா, எவனும் ஒண்ணியும் சொல்ல மாட்டான்."

"யாருக்குக் கொடுக்கப் போறே?"

"தரகருக்குத்தான். வெளியூர்ப் பண்ணைக்கு இட்டுகினு போறாராம்."

பால் வற்றிய பிறகு அந்தப் பண்ணையில் சரோஜா என்ன ஆகும் என்று அவளும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. அடையாறு காந்தி நகரில் ஒரு கிரகப்பிரவேசம் அப்போது பாக்கி இருந்தது. அது முடிந்து அன்று சாயந்திரமே தரகர் வந்து ஓட்டிக்கொண்டு போவதாக ஏற்பாடு. "காந்தி நகர் வூடுதான் அதுக்குக் கடைசி வூடு" என்றாள்.

அந்த வீட்டுக்காரர் பரத்வாஜ். பெருங்குடியில் கம்ப்யூட்டர் கம்பெனி உத்தியோகம். நல்ல மனுஷன், ஆனால் பயந்த சுபாவம். வருஷக்கணக்காக வாடகை வீடுகளில் அடிபட்டு, கழுத்து வரை கடன் வாங்கித் தரைத்தளத்தில் ஒரு ஃப்ளாட் வாங்கியிருந்தார். எதிலும் ஒரு குறை வந்துவிடக் கூடாது என்று நடுங்கிக்கொண்டிருந்தார். சாமான் பட்டியல் பேச நான் போன அன்றே கையில் அந்த வீடியோ.

"மாமா, நாட்டு மாடா இருக்கணும். ஜெர்சி வேற ஜாதி மிருகமாம்."

அவர் மனைவி அனன்யா பள்ளிக்கூடத்தில் பிளஸ் டூவுக்கு உயிரியல் எடுக்கிறவள். காப்பியை என் முன்னால் வைத்துவிட்டு, "அதெல்லாம் இல்லை மாமா" என்று உட்கார்ந்தாள். உட்கார்ந்தவள் எனக்கே பாடம் எடுக்க ஆரம்பித்துவிட்டாள்.

"குடும்பம்னு எடுத்துண்டா ரொம்பப் பெரிசு மாமா. மாடு, எருமை, ஆடு, செம்மறி எல்லாம் ஒரே குடும்பம். நம்ம கிண்டிக் காட்டுல ஓடறதே வெளிமான், அதுவும் இந்தக் குடும்பந்தான். புள்ளிமான் இதுல சேராது."

"என்னம்மா இது, மான் மாட்டுக்குச் சொந்தமா?" என்றேன்.

"கொம்பைப் பாருங்கோ. புள்ளிமானுக்குக் கொம்பு விழுந்து விழுந்து முளைக்கும். வெளிமானுக்கு மாடு மாதிரி, உள்ள எலும்பு, மேல உறை, ஆயுசுக்கும் விழாது. குடும்பத்துக்குள்ள பேரினம்னு சின்னப் பிரிவு. மாடும் எருமையும் அங்க பிரிஞ்சுடும். அதுகளுக்குள்ள கன்னே பிறக்காது. ஆனா ஊட்டிப் பக்கம் காட்டெருமைன்னு சொல்றோமே, அது எருமையே இல்லை. மாட்டோட பேரினம்."

"ஜெர்சி?" என்றார் பரத்வாஜ்.

"ஜெர்சி, காங்கேயம் எல்லாம் ஒரே பேரினம். அதுக்குக் கீழதான் சண்டை. திமில் இருக்கறதைப் போஸ் இண்டிகஸ்னும், இல்லாததைப் போஸ் டாரஸ்னும் ரெண்டு சிற்றினமா சில பேர் வெப்பா. ரெண்டும் ஒண்ணுதான், வம்சந்தான் வேறன்னு சில பேர் சொல்லுவா. ரெண்டும் சேர்ந்தா கன்னு பிறக்கும், அந்தக் கன்னும் கன்னு போடும். அதனால நான் ரெண்டாவது கட்சி."

பரத்வாஜ் இவ்வளவிலும் ஒன்றை மட்டும் பிடித்துக்கொண்டார். "ரெண்டு சிற்றினம்னு நீயே சொல்லிட்டியே, அனு." ஆடிக் கறக்கிற மாட்டை ஆடிக் கறக்க வேண்டும், பாடிக் கறக்கிற மாட்டைப் பாடிக் கறக்க வேண்டும். நான், "ஆகட்டும், பசுவும் கன்னும் வந்துடும்" என்று சொல்லி எழுந்துவிட்டேன்.

கிரகப்பிரவேசத்தன்று தேவானை விடியும் முன்பே கிளம்பி, அடையாற்றுப் பாலத்தைத் தாண்டி, இரண்டையும் நடத்தியே கூட்டி வந்திருந்தாள். பஸ்ஸைக் கண்டு பட்டு மிரண்டதாம், சரோஜா ரோட்டுப் பக்கமாக நடந்து அதை உள்ளே தள்ளிக்கொண்டே வந்ததாம். சரோஜாவைக் குளிப்பாட்டி, கொம்புக்கு மஞ்சள் பூசி, கழுத்தில் சாமந்தி மாலை போட்டிருந்தாள். இத்தனை அலங்காரம் அவள் செய்து நான் பார்த்ததில்லை. கண் வீங்கியிருந்தது. கேட்டால் திட்டுவாள் என்று கேட்கவில்லை.

பரத்வாஜ் பட்டு வேஷ்டியோடு வாசலுக்கு வந்தார். சரோஜாவின் முதுகைப் பார்த்தார். முகம் சுண்டிப்போயிற்று. பிறகு பட்டுவைப் பார்த்தார், குனிந்து தடவினார்.

"மாமா, இதுக்குத் திமில் இருக்கு."

"அதுக்கு இருக்கு."

"அப்ப கன்னு மட்டும் உள்ள வரட்டும். அம்மா வெளியில நிக்கட்டும்."

நான் முப்பது வருஷமாகப் புரோகிதம் பண்ணுகிறேன். தாயை வாசலில் நிறுத்திவிட்டுக் கன்றுக்குக் கோ பூஜை செய்ததாக எந்தச் சாஸ்திரத்திலும் படித்ததில்லை. அதைச் சொன்னேன். அவர் கண்ணில் தண்ணீர் வந்துவிடும் போல இருந்தது. "தப்பா எடுத்துக்காதீங்கோ மாமா. இது எங்க வீடு. ஆரம்பத்துலயே ஒரு தோஷம் வேண்டாம்."

தேவானை வெடிப்பாள் என்று நினைத்தேன். வெடிக்கவில்லை. "சரி சாமி. கன்னே போவட்டும்" என்றாள். சாயந்திரம் அவள் செய்ய இருந்ததும் அதுதானே.

பட்டுவின் கயிற்றை நான் வாங்கிக்கொண்டேன். சரோஜாவைத் தேவானை கேட் கம்பியில் கட்டினாள். கன்று என்னோடு நிலைவாசல் வரை வந்தது. அங்கே மாவிலைத் தோரணத்தையும் குத்துவிளக்கையும் பார்த்து நின்றுவிட்டது. இழுத்தேன். காலை ஊன்றிக்கொண்டது. வெளியில் சரோஜா ஒரு குரல் கொடுத்தது. அந்தச் சாது மாடு இத்தனை வருஷத்தில் ஒரு வீட்டு வாசலிலும் குரல் கொடுத்ததில்லை. கன்று பதிலுக்குக் கத்தியது. கயிறு என் கையை அறுத்துக்கொண்டு போயிற்று. திரும்பி ஓடி, கோலத்தைக் கலைத்து, தாயின் மடியில் போய் முட்டியது. சரோஜா அதன் முதுகை நக்கிற்று, அந்தத் திமில் மேட்டைத்தான்.

தேவானை அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். அப்புறம் கேட்டிலிருந்து கயிற்றை அவிழ்த்தாள்.

"ஐயரே, நான் போறேன்."

"தேவானை, கொஞ்சம் பொறு."

"இன்னாத்த பொறுக்கறது? புள்ள வேணும், பெத்தவ வேணாம்னா எந்த ஊரு நாயம் இது? சாமி, நீங்க ஒண்ணும் தப்பா சொல்லல. நானும் அத்தத்தான் சொல்லிகினு இருந்தேன். உங்க வாயில கேக்கசொல்லதான் எனுக்குச் சுருக்னு கீது. வந்தா ரெண்டும் வரும். இல்லாங்காட்டி ரெண்டும் வராது."

பரத்வாஜுக்குப் பாதி புரியவில்லை. எனக்குப் புரிந்தது. கைக்கு வந்த ஒரே வேலையை உதறிவிட்டு அவள் இரண்டையும் ஓட்டிக்கொண்டு தெருவில் இறங்கிவிட்டாள்.

உள்ளேயிருந்து மடிசாரோடு அனன்யா ஓடி வந்தாள். செருப்புக்கூடப் போடவில்லை. நேராகத் தெருவுக்குப் போய் சரோஜாவுக்கு முன்னால் நின்றாள்.

"அக்கா, போகாதீங்கோ." பிறகு புருஷன் பக்கம் திரும்பினாள். "பரத், நான் அன்னைக்குச் சொன்னது புஸ்தகத்துல நடக்கற சண்டை. அதைக் கொண்டு வந்து வாசல்ல வெக்காதே. கன்னு பசுன்னு ஒத்துண்டியே, அது எங்கேர்ந்து வந்தது?"

பரத்வாஜ் கன்றைப் பார்த்தார். அதற்குள் அது நடுத்தெருவில் மறுபடி பால் குடிக்க ஆரம்பித்திருந்தது. ஒரு ஆட்டோக்காரர் ஹாரன் அடிக்காமல் காத்துக்கொண்டிருந்தார். இந்த ஊரில் அது பெரிய விஷயம்.

"ஒரு அம்மாவை வெளியில தள்ளிட்டு நான் அந்த ஆத்துக்குள்ள வர மாட்டேன்" என்றாள் அனன்யா. குரலை உயர்த்தவில்லை.

அவர் மெதுவாக இறங்கி வந்தார். தேவானையைப் பார்த்து, "ரெண்டையும் கூட்டிண்டு வாங்கோம்மா" என்றார். முகூர்த்தம் போய்க்கொண்டிருந்தது. நான் மந்திரத்தை ஆரம்பித்துவிட்டேன். சரோஜா முன்னால், பட்டு ஒட்டிக்கொண்டு பக்கத்தில். பரத்வாஜ் சரோஜாவின் நெற்றியில் குங்குமம் வைத்தார். அது அவர் கையை நக்கியது. அவர் கையை எடுக்கவில்லை.

சாப்பாடு முடிந்து நான் வெளியே வந்தபோது தேவானை வேப்பமர நிழலில் இரண்டையும் நிறுத்தி வாழைப்பழத் தோல் கொடுத்துக்கொண்டிருந்தாள். இனிமேல் கூப்பிடுவார்களா, மாட்டார்களா, அடுத்த மாசத் தீவனத்துக்கு என்ன வழி, எனக்கும் தெரியாது, அவளுக்கும் தெரியாது. இந்த ஒரு வீட்டால் ஊரில் இருக்கிற வீடியோ எல்லாம் அழிந்துவிடப் போவதில்லை. அதைச் சொல்லலாம் என்று வாயெடுத்தேன். அவள் கையை உயர்த்தி என்னை அடக்கிவிட்டு, தரகருக்குப் போன் போட்டாள்.

"நைனா, தேவானை பேசறேன். சாயந்தரம் வராத. மாடு குடுக்கல... இல்ல நைனா, வெல பத்தலன்னு இல்ல. வேற ஆளுக்கும் குடுக்கல." கொஞ்ச நேரம் அந்தப் பக்கத்துப் பேச்சைக் கேட்டாள். "அதெல்லாம் சரிதான். நாளைக்கு அந்தக் கன்னு அம்மா எங்கன்னு கத்துச்சுன்னா, அதுக்கு நான் இன்னான்னு பதில் சொல்றது?"

போனை இடுப்பில் செருகிக்கொண்டு, பஸ் வருகிறதா என்று பார்த்து, இரண்டையும் பாலத்துப் பக்கம் ஓட்டினாள்.