ரிக் கந்தப்பனின் டோனட் செட்

அப்பா இறந்த அன்று தெருமுனையில் ஒட்டிய கண்ணீர் அஞ்சலி போஸ்டரில் ‘ரிக்’ கந்தப்பன் என்று போட்டிருந்தார்கள். தகவல் சரி. ஆழ்துளைக் கிணற்றுக்குப் போர் போடும் ரிக் வண்டியில்தான் அவர் ஆயுள் போனது. முதலில் ராடு மாட்டும் ஆள், பிறகு டிரில்லர். திருச்செங்கோட்டில் இது ஒரு செய்தியே இல்லை. எங்கள் தெருவில் பாதி வீட்டு ஆண்கள் ரிக்கில் போனவர்கள். அப்பாவிடம் மட்டும் இருந்த ஒன்று போஸ்டரில் வரவில்லை. அதை எழுதுகிறேன்.

நான் பம்பு கம்பெனியில் தர ஆய்வுப் பொறியாளர். மோட்டாரைத் தண்ணீருக்குள் இறக்கி, எங்கே கசிகிறது என்று பார்ப்பது வேலை. அப்பா ஓட்டை போடுவார். அந்த ஓட்டைக்குள் இறங்கப்போவதை நான் சோதிப்பேன். சின்ன வயதில் அவரை அதிகம் பார்த்ததில்லை. வருடத்தில் பெரும்பகுதி வண்டி வடக்கே நிற்கும். மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான், குஜராத். குஜராத்தில் காலையில் ஜிலேபியையும் கடலைமாவுக் காரத்தையும் ஒரே தட்டில் வைத்துத் தின்பார்களாம். அங்கேதான் அவர் நாக்கு கெட்டது.

மிக்சரில் மைசூர்பாகை உதிர்த்துப் போடுவார். பரோட்டாவில் வாழைப்பழத்தைப் பிசைந்து, மேலே சால்னா ஊற்றுவார். மாங்காய்த் தொக்கில் சர்க்கரை தூவுவார். வேலையை விட்டு ஊரோடு வந்த பிறகும் இது நிற்கவில்லை.

“எங்கூட்டுக்காரரு முழுசா வந்து சேந்துட்டாருங்க. நாக்கு மட்டும் இன்னும் வண்டியிலயே கெடக்குது” என்று அம்மா ராசாத்தி பக்கத்து வீட்டுச் செல்லாயி அக்காவிடம் சொல்வார்.

தீனதயாளன் எங்கள் கம்பெனியில் டிசைன் பிரிவு. சேலம் ஃபேர்லேண்ட்ஸ்காரர். அவரைக் கட்டிக்கொள்ள விரும்புகிறேன் என்று ஒருநாள் வீட்டில் சொன்னேன். அம்மா உடனே ஜாதகம் கேட்டார். அப்பா டிவியை நிறுத்தினார்.

“நெசமாத்தான் சொல்றயா அம்மிணி?”

“ஆமாங்ப்பா.”

“படிப்பு, வேலை, எல்லாம் நாங்க சொன்னதுக்குச் சரி சரின்னே. நீயா வாயத் தொறந்து கேட்டது இது ஒண்ணுதான். இது நடக்கோணும்.”

நடப்பது தீனாவின் அம்மா சென்னியம்மாள் கையில் இருந்தது. தீனாவுக்கு அப்பா இல்லை. அவருக்காகச் சென்னியம்மாள் ஏற்கெனவே பல வீடுகள் ஏறி இறங்கியிருந்தார். எல்லா வீட்டிலும் கேசரி, பஜ்ஜி, காபி. ஒரு கரண்டி கேசரி தின்பார், ‘யோசிச்சுச் சொல்றோமுங்க’ என்பார், எழுந்துவிடுவார். அதன் பிறகு அந்த வீட்டைப் பற்றிப் பேச்சே இருக்காது.

“அம்மாவுக்கு இப்பக் கேசரியப் பாத்தாலே எரிச்சல் வருது” என்று தீனா போனில் சொன்னார். ஸ்பீக்கரில் போட்டிருந்தேன். அப்பா கேட்டுவிட்டார்.

அந்த வாரம் அவர் போனில் ஒரு வீடியோ வந்தது. யாரோ வெளிநாட்டுக்காரர் பர்கருக்குப் பன் வைக்காமல், மேலும் கீழும் நடுவில் ஓட்டையுள்ள இனிப்பு டோனட் வைத்து, நடுவே கோழிக்கறியை அமுக்கித் தின்கிறார். அப்பா அதைத் திரும்பத் திரும்ப ஓட்டினார். பிறகு சமையலறைப் பக்கம் திரும்பிக் கத்தினார்.

“ராசாத்தி! இது நம்ம தட்டுவடை செட்டு!”

சேலத்துப் பக்கம் தட்டுவடை செட் தின்னாதவர் கிடையாது. இரண்டு மொறுமொறு தட்டுவடை, நடுவே சட்னி, துருவிய பீட்ரூட், கேரட், வெங்காயம். அப்பாவின் வாதம் எளிமையானது. தட்டுவடையை எடு, டோனட்டை வை. டோனட் செட்.

“பொண்ணு பாக்க வாரவங்களுக்கு இனிப்பு ஒரு தட்டு, காரம் ஒரு தட்டு வெக்கறம். இதுல ரண்டும் ஒரே தட்டு.”

“கழுவற தட்டு மிச்சம்ங்கறீங்களா?” என்றார் அம்மா.

“அந்தம்மா கேசரி தின்னு தின்னு சலிச்சுக் கெடக்குது. இதப் பாத்தா யோசிக்க நேரமிருக்காது.”

“ஓடறதுக்கு நேரமிருக்கும்.”

டோனட்டைக் கடையில் வாங்கிவிடலாம் என்றேன். அப்பாவுக்கு அது அவமானமாகப் பட்டது. “ஓட்டை போடறது என்ர தொழிலு. அத இன்னொருத்தன் போட்டு நான் காசு குடுத்து வாங்கறதா?”

மாவை அம்மா பிசைந்தார், திட்டிக்கொண்டே. ஓட்டை போடுவதற்கு அப்பா புது பிவிசி குழாயில் ஒரு துண்டு அறுத்து, முனையை உப்புத்தாளில் தேய்த்து, வெந்நீரில் கழுவிக் கொண்டுவந்தார். முதல் ஓட்டை அழகாக விழுந்தது. வெட்டிய மாவு குழாய்க்குள் மாட்டிக்கொண்டது. வாயை வைத்து ஊதினார். போருக்குள் கம்ப்ரஷர் காற்றை விட்டுக் கல்தூளை வெளியேற்றிய பழக்கம். மாவு உருண்டை பறந்து போய் ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டியது.

“பிரஷரு நல்லா இருக்குது” என்றார்.

பொரித்த டோனட்டை நாட்டுச் சர்க்கரைப் பாகில் முக்கினார். பெண் பார்க்கும் வீட்டில் கறி கூடாது என்று அம்மா கண்டிப்பாகச் சொன்னதால் நடுவே பருப்பு வடை. வடைக்கு மேலும் கீழும் பச்சைச் சட்னி, துருவல்.

முதல் செட்டை அப்பாவே கடித்தார். சட்னி கீழ் டோனட்டின் ஓட்டை வழியாக நேராக வெள்ளை பனியனில் இறங்கியது.

“கீழ் ஓட்டையில கசிவுங்ப்பா. டெஸ்ட்ல பெயில்” என்றேன்.

“கேசிங் இறக்கோணும்.”

மண் சரியாமல் இருக்கப் போருக்குள் இறக்கும் குழாய்க்குக் கேசிங் என்று பெயர். அப்பா டோனட்டுக்குக் கேசிங் தேடினார். வெங்காய வளையம் வைத்தார், நழுவியது. வாழைத்தண்டு வைத்தார், ருசி மருந்து மாதிரி ஆனது. முறுக்கை உடைத்துச் சுற்றி நட்டார். பார்க்க வேலி போட்ட தோட்டம் போல இருந்தது, கசிவு அப்படியே இருந்தது. கடைசியில், ஓட்டை போட்டபோது வெளியே வந்த மாவு உருண்டையைப் பொரித்து அதே ஓட்டையில் வைத்து அடைத்தார்.

அம்மா இடுப்பில் கை வைத்து நின்றார். “எடுத்த மண்ண அதே குழியில போட்டு மூடறதுக்கு எதுக்குங்க குழி தோண்டோணும்?”

“ஓட்டை இல்லாட்டி அது பன்னு. ஓட்டை போட்டு அடைச்சாத்தான் டோனட்டு.”

செட்டைத் தூக்கிச் சாய்த்துப் பார்த்தேன். கசிவு நின்றிருந்தது. பாஸ் போட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை சென்னியம்மாள், அவருடைய தம்பி பச்சமுத்து, தீனா மூவரும் காரில் வந்தார்கள். பச்சமுத்து வாசல்படியிலேயே அறிவித்துவிட்டார்.

“பலகாரம், காப்பி போதுமுங்க. கை நனைக்கறதெல்லாம் பேச்சு முடிஞ்ச பொறவு.”

எங்கள் பக்கம் இது வழக்கம். சம்பந்தம் பேசப் போன வீட்டில் கை நனைத்தால், அதாவது சோறு தின்றால், பாதி சம்மதம் சொன்ன மாதிரி. பலகாரம் தின்றுவிட்டு வேண்டாம் என்று போகலாம். சோற்றைத் தின்றுவிட்டுப் போகக் கூடாது.

“அது சரிங்க, வழக்கம் தெரியாதுங்களா” என்றார் அப்பா. சட்டைக்கு இஸ்திரி போட்டிருந்தார். தட்டுகளை அவரே எடுத்துவந்தார். அம்மா ஒரு பாத்திரம் கேசரியைப் பீரோவுக்குப் பின்னால் ஒளித்து வைத்திருந்தது அவருக்குத் தெரியாது.

சென்னியம்மாள் தட்டைப் பார்த்தார். தட்டைத் திருப்பி மறுபக்கமும் பார்த்தார்.

“இதென்னங்க?”

“டோனட் செட்டுங்க.”

“இனிப்புங்களா, காரமுங்களா?”

“ரண்டுந்தானுங்க.”

“எத முதல்ல திங்கறது?” என்று பச்சமுத்து கேட்டார். இனிப்பைத் தொட்டுவிட்டுத்தான் காரம் தொட வேண்டும் என்பதில் உறுதியானவர். எனவே மேல் டோனட்டைத் தனியாகக் கழற்றித் தின்றார். பிறகு வடையைத் தின்றார். பிறகு கீழே பார்த்துத் திடுக்கிட்டார்.

“அக்கா, மறுக்கா இனிப்பு வருது!”

கீழ் டோனட்டைத் தூக்கிய வேகத்தில் அடைத்து வைத்திருந்த உருண்டை கழன்று அவருடைய காபி டம்ளருக்குள் விழுந்தது. தீனா என் பக்கம் திரும்பவே இல்லை. திரும்பினால் சிரித்துவிடுவார்.

சென்னியம்மாள் எதையும் கழற்றவில்லை. இரண்டு கையாலும் எடுத்தார், வாயைத் திறந்து முழுசாகக் கடித்தார். மென்றார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. மறுபடி கடித்தார். அப்பா அந்தத் தாடையையே பார்த்துக்கொண்டிருந்தார், போர் வாயில் ஈரமண் வருகிறதா என்று பார்க்கிற மாதிரி. செட் முடிந்தது.

அப்போதுதான் பாகின் குணம் தெரிந்தது. சென்னியம்மாளின் பத்து விரலும் ஒட்டிக்கொண்டன. வளையலும் மணிக்கட்டில் ஒட்டியது. அம்மா பேப்பர் நாப்கின் கொடுத்தார். அது கிழிந்து விரல் விரலாக ஒட்டிக்கொண்டது. கைப்பையில் போன் அடித்தது, எடுக்க முடியவில்லை. அம்மா சொம்பில் தண்ணீர் கொண்டுவந்தார்.

பச்சமுத்து துள்ளி எழுந்தார். “அக்கா! கைய நனைக்காத!”

அம்மா சொம்பைச் சாய்க்காமல் பிடித்துக்கொண்டார்.

“கழுவத்தானுங்க” என்றார் அம்மா.

“கழுவுனா நனையாதுங்களா? அதுவுமில்லாம, வடை, பன்னு, சட்னி, காய் எல்லாம் உள்ள போயிருச்சு. இது பலகாரமுங்களா, சோறுங்களா? எனக்கே வயிறு நெம்பிப் போச்சு. நாளைக்கு யாராச்சும் கேட்டா நான் என்னன்னு சொல்றது?”

சென்னியம்மாள் ஆபரேஷனுக்குத் தயாரான டாக்டர் போல இரண்டு கையையும் தூக்கிப் பிடித்து உட்கார்ந்திருந்தார். அப்பா நினைத்திருந்தால் சும்மா நின்றிருக்கலாம். எவ்வளவு நேரம்தான் கையைத் தூக்கி வைத்திருப்பார்? அப்பாவுக்கு வேண்டிய சம்மதம் அந்தச் சொம்பில் இருந்தது. ஆனால் அப்பா தொண்டையைச் செருமினார்.

“வெளிய ரோட்டோரம் நகராட்சிப் பைப்பு இருக்குதுங்க. அது எங்கூட்டுத் தண்ணியில்ல. அங்க கழுவிக்கிட்டா கணக்குல வராதுங்க. பாகு ஒட்டிக்கிச்சுங்கறதுக்காக ஒருத்தரு பையனக் குடுக்கக் கூடாதுங்க.”

சொல்லிவிட்டு அவரே போய் கேட்டைத் திறந்து பிடித்தார்.

சென்னியம்மாள் எழுந்தார். தூக்கிய கைகளோடு வாசல் தாண்டி, கேட் வரை போனார். பைப்பில் செல்லாயி அக்காவும் இன்னும் நாலு பேரும் குடத்தோடு நின்றார்கள். பட்டுச்சேலை, தூக்கிய கை, விரலெல்லாம் வெள்ளைக் காகிதம். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். ஒரு குடம் நிரம்பி வழிந்தது.

சென்னியம்மாள் என் அப்பாவைப் பார்த்தார். பிறகு திரும்பி உள்ளே வந்தார்.

“பொண்ணு பாக்க வந்த ஊட்டுல நல்லாத் தின்னுபோட்டு, ரோட்டுப் பைப்புல கை கழுவறதுக்கு நான் என்ன லாரிக் கிளீனரா?” என்றார். பிறகு என்னிடம், “நீ செஞ்சியா அம்மிணி இத?”

“இல்லீங்க, அப்பாதான். நான் கசியுதான்னு மட்டும் பாத்தேனுங்க.”

“கசிஞ்சுதா?”

“ஆரம்பத்துல கசிஞ்சுதுங்க. அப்பாவோட பனியன்ல.”

அவர் சிரித்தார். சிரிப்பில் உடம்பு குலுங்க, இரண்டு கையும் மேலேயே இருந்தன. “சொம்ப எடு. ஊத்து.”

“அக்கா, கொஞ்சம் யோசிச்சு…” என்றார் பச்சமுத்து.

“யோசிச்சு யோசிச்சுத்தான்டா இத்தன கேசரி தின்னேன்.”

ஊற்றினேன். முதல் சொம்பில் பாகு போகவில்லை. இரண்டாவது சொம்புக்கு அம்மா வெந்நீர் கொண்டுவந்தார். அப்பா கேட்டைப் பிடித்தபடியே நின்றார். கேட்டை மூட மறந்துவிட்டார்.

கை நனைத்தாயிற்று என்றதும் பச்சமுத்து கட்சி மாறினார். “அப்பச் சோறு போட்டுத்தானுங்களே ஆகோணும்?” வீட்டில் சோறு இல்லை. அன்று யாரும் சோறு தின்பார்கள் என்று கணக்கில் இல்லாததால் உலைகூட வைக்கவில்லை. அம்மா அரிசி களைய ஓட, சென்னியம்மாள் சேலையைச் செருகிக்கொண்டு வெங்காயம் உரிக்க உட்கார்ந்தார். அப்பாவும் சமையலறைக்குள் நுழையப் பார்த்தார். இரண்டு பெண்களும் ஒரே குரலில் வேண்டாம் என்றார்கள்.

தை மாதம் கல்யாணம். அடுத்த மாதமே, மாசியில், அப்பா போனார். நெஞ்சுவலி. ஆஸ்பத்திரி போகும் வழியிலேயே முடிந்துவிட்டது. கல்யாணத்துக்கு இருந்தார்; பிறகு என் மகள் பிறந்தபோது இல்லை. இதற்கு மேல் இதைப் பற்றி எழுத எனக்கு வரவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை, சமையலறையிலிருந்து விரட்டப்பட்டு அவர் மறுபடி கேட்டுக்குப் போனார். செல்லாயி அக்கா பைப்படியில் இன்னும் காத்திருந்தார்.

“ஏனுங்கண்ணா, அந்தம்மா கையத் தூக்கிட்டு வந்துச்சு, திரும்பிப் போயிருச்சு. சண்டைங்களா?”

“செல்லாயி, உங்கூட்டுப் பெரிய குண்டாவக் கொஞ்சம் குடு” என்றார் அப்பா. “சம்பந்தி ஊட்டுக்காரங்களுக்குச் சோறு ஆக்கோணும்.”

குண்டா எங்கள் வீட்டிலேயே இரண்டு இருந்தது. தெருக்கோடி வரை கேட்கிற குரலில்தான் கேட்டார்.