ரெண்டு நூல் உயரம்

எங்கள் வீட்டு ஃபிரிட்ஜ் ஆடிக்கொண்டே இருந்தது. சதுரங்கப்பட்டினத்து உப்புக்காற்றில் அதன் பின்கால் ஒன்று துருப்பிடித்துத் தேய்ந்துவிட்டது. மோட்டார் ஓடும்போதெல்லாம் உள்ளே பாட்டில்கள் கிலுகிலுவென்று பேசிக்கொள்ளும். அந்தச் சத்தத்திலேயே கண்ணயர்ந்து எனக்குப் பழகிப்போயிருந்தது.

என் வீட்டுக்காரருக்குத்தான் பொறுக்கவில்லை. மாமல்லபுரத்தில் கல் சிற்பம் செதுக்குகிறவர். பீடத்தில் ஒரு சிலையை நிறுத்தினால், ரசமட்டத்தின் குமிழி நடுவில் நிற்கும்வரை அவருக்குச் சோறு இறங்காது. ஒரு ஞாயிற்றுக்கிழமை அதே ரசமட்டத்தை ஃபிரிட்ஜ் தலையில் வைத்தார். பின்னால் கருங்கல் சில்லு ஒன்றைச் செருகி, முன்கால் திருகுகளைப் பார்த்துப் பார்த்துத் திருகினார்.

"பாத்தியா, ஒரு நூலு கூட சாயல" என்றார். ஃபிரிட்ஜ் பிள்ளையாரைப் போல அசையாமல் நின்றது. மாலை போடாததுதான் பாக்கி.

மறுநாள் அவர் வேலைக்குப் போயிருந்தார். மதியம் சாப்பிட்டுவிட்டு, மோரை உள்ளே வைத்துக் கதவைத் தள்ளிவிட்டு, அங்கேயே தரையில் படுத்தேன். எப்போது தூங்கினேனோ, கனவில் கடல் வீட்டுக்குள் வந்திருந்தது. அலைச் சத்தமே இல்லை. சில்லென்ற தண்ணீர் பாதத்தைத் தொட்டுத் தொட்டு விலகியது. நான் காலை இன்னும் நீட்டிக்கொண்டேன். அவ்வளவு சுகம்.

விழித்தபோது உடம்பெல்லாம் வியர்வை. கரண்ட் போயிருந்தது. ஃபிரிட்ஜ் கதவு ஒரு சாண் திறந்து நின்றது. கதவுத் தட்டில் இருந்த என் இன்சுலின் புட்டி வெதுவெதுவென்றிருந்தது. அதை நம்பி ஊசி போடலாமா கூடாதா? எனக்கு அழுகையே வந்துவிட்டது. அவருக்கு ஃபோன் செய்தேன்.

புது மருந்தை ஐஸில் வைத்து வாங்கி வந்தார். வழியிலேயே மெக்கானிக்கிடம் கேட்டிருக்கிறார். முன்பக்கம் கொஞ்சம் தூக்கலாக இருந்தால்தான் கதவு தானாகச் சாத்திக்கொள்ளுமாம்.

"இன்னாங்க, கோணலா நிக்குமே. கண்ண உறுத்தாதா உங்களுக்கு?" என்றேன்.

"உறுத்தினா உறுத்தட்டும், வுடு."

அதற்குள் கரண்ட் வந்திருந்தது. முன்கால்களை ரெண்டு நூல், கால் அங்குலம்தான், உயர்த்தினார். கதவைத் திறந்து விட்டார். தானாகச் சாத்திக்கொண்டது. மறுபடி திறந்து விட்டார். நாலு தடவை. ஐந்தாவது தடவை உள்ளே கைவிட்டுப் புதுப் புட்டியைத் தொட்டுப் பார்த்தார்.

"சில்லுனு கீது" என்றார். கதவு சாத்திக்கொண்டதும் மறுபடி திறந்து, இன்னொரு தடவை தொட்டுப் பார்த்தார்.

நான் ஊசி போட்டுக்கொள்ளும்போதெல்லாம் வாசலுக்குப் போய்விடுகிறவர். பயம் எனக்கு மட்டும்தான் என்று இத்தனை வருஷமாக நினைத்திருந்தேன்.