சந்தை நாளில் ஐந்து வேஷம்

சினிமாவில் என் முகம் யாருக்கும் தெரியாது. ஆனால் என் குரலைக் கேட்காத காது தமிழ்நாட்டில் குறைவு. ஒரே படத்தில் தண்டனை கொடுத்த ஜட்ஜும் நான்தான், தண்டனை வாங்கிய திருடனும் நான்தான். கோர்ட்டு வாசலில் உட்கார்ந்து அழுத கிழவியும் நானேதான். தற்பெருமை என்பீர்கள். ஆமாம், தற்பெருமைதான். உழைத்துச் சம்பாதித்ததை ஒளித்து வைக்க எனக்குத் தெரியாது.

சென்னைக்குப் போவதற்கு முன்னால் நாடகக் கம்பெனியில் இருந்தேன். கொடைக்கானலுக்கும் மேலே, மேல்மலையில் பூண்டு போடும் குடும்பம் எங்களுடையது. பத்தொன்பது வயதில் பூண்டு மூட்டையோடு பழனிக்குப் போனவன், அங்கே கொட்டகை போட்டிருந்த கம்பெனியில் சேர்ந்துவிட்டேன். மீசை சரியாக முளைக்காத முகம், மெல்லிய குரல். பெண் வேஷம் கொடுத்தார்கள். செய்தி ஊருக்கு எட்டியதும், சேலை கட்டுகிறவன் என் வாசலை மிதிக்க வேண்டாம் என்று அய்யா சொல்லி அனுப்பினார். நானும் அவருக்குப் பிறந்தவன்தானே, வீம்புக்குக் குறைச்சலா? போகவில்லை. நாலு வருஷம் அப்பனும் மகனும் ஒரு சொல் பேசிக்கொள்ளவில்லை.

அறுபதுகளின் தொடக்கத்தில் ஒரு சீசனுக்கு எங்கள் கம்பெனி கொடைக்கானலுக்கு வந்தது. ஞாயிற்றுக்கிழமை, சந்தை நாள், பகல் ஆட்டம். அன்று பார்த்து பெருமாள்மலைக்குக் கீழே மண் சரிந்து, நடிகர்கள் நாலு பேர் வந்த வண்டி வழியில் நின்றுவிட்டது. முதலாளி தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். அந்த நாலு வேஷத்தையும் நானே செய்கிறேன் என்றேன். இன்ஸ்பெக்டர், கடைக்காரர், பைத்தியம், கிழவர். என் சொந்த வேஷமான அம்மாவோடு ஐந்து. இரண்டு பேர் ஒரே காட்சியில் வந்தால் ஒருவரைத் திரைக்குப் பின்னால் பேசவைத்துக்கொள்ளலாம் என்று சமாதானம் சொன்னேன். முதலாளிக்கு நம்பிக்கை வரவில்லை, வேறு வழியும் இல்லை.

மணி அடிப்பதற்கு முன் படுதா இடுக்கு வழியாக எட்டிப் பார்த்தேன். முன் வரிசையில் சீசனுக்கு வந்த கோட்டுக்காரர்கள். பின் பெஞ்சுகளில் பூண்டை விற்றுவிட்டு வந்த எங்கள் ஊர்ச்சனம். அவர்கள் நடுவில் அய்யா. படுதாவை இழுத்து மூடினேன். ஊர்க்காரர்கள் வற்புறுத்தி அழைத்து வந்திருக்க வேண்டும். இன்று அவர் பாதியில் எழுந்து போனால், இந்த ஜென்மத்தில் என்னோடு பேசமாட்டார். அவரை எனக்குத் தெரியும்.

இன்ஸ்பெக்டராக வந்து அதட்டினேன். அய்யா அசையாமல் இருந்தார். கிழவராக வந்து இருமினேன். பக்கத்திலிருந்தவர்கள் வயிறு குலுங்கச் சிரித்தார்கள், அவர் சிரிக்கவில்லை. பிறகு சேலை கட்டிக்கொண்டு வந்தேன். அய்யா எழுந்தார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கதவைப் பார்த்து நடந்தார்.

அவர் கதவை எட்டுவதற்குள் அடுத்தது வந்துவிட்டது, பனிமூட்டத்தில் தொலைந்த பிள்ளையைத் தாய் தேடும் காட்சி. திரைக்குப் பின்னாலிருந்து நான் கூப்பிட வேண்டும். மற்ற ஊர்களில் 'மகனே' என்று இழுத்து அழுவேன். அன்று அதை விட்டுவிட்டு, எங்கள் ஊரில் ஒரு சரிவிலிருந்து மறு சரிவுக்குப் போடும் கூப்பாட்டைப் போட்டேன். "ஓ...ஓய்!" பனி மூடிய நேரத்தில் அந்தக் கூப்பாடு காதில் விழுந்தால் எங்கள் ஆட்கள் பதில் கொடுத்தே ஆக வேண்டும். எங்கே நிற்கிறாய் என்று விசாரிக்க வேண்டும். கூப்பிட்டவர் பத்திரம் என்று தெரிகிற வரைக்கும் நகரக் கூடாது. வரப்புத் தகராறில் கோர்ட்டுக்குப் போன பங்காளிகள்கூட இதில் தவறியதில்லை. தெரிந்துதான் கூப்பிட்டேன். தந்திரம்தான், வேறென்ன?

பின் பெஞ்சு மொத்தமும் பதில் கொடுத்தது. கோட்டுக்காரர்கள் மிரண்டுபோய்த் திரும்பிப் பார்த்தார்கள். கதைப்படி அந்த இடத்தில் யாரும் பதில் சொல்லக் கூடாது. முதலாளி ஓரத்தில் நின்று என்னைப் பார்த்துப் பல்லைக் கடித்தார். சத்தம் அடங்கியதும் கதவுப் பக்கமிருந்து தனியாக ஒரு குரல் வந்தது.

"ஏலே, எங்கன நிக்கிற?"

பிள்ளையைத் தேடும் தாயை யாரும் ஏலே என்று கேட்கமாட்டார்கள். அது என்னிடம் கேட்டது. ஐந்து வேஷத்துக்கும் குரல் வைத்திருந்தவனுக்கு அந்த நேரத்தில் ஒன்றுகூட வாயில் வரவில்லை. என் சொந்தக் குரலில் சொன்னேன்.

"இங்கனதான்யா நிக்கேன். நல்லா இருக்கேன்."

அய்யா திரும்பி வந்து பெஞ்சில் உட்கார்ந்தார், கடைசி வரைக்கும் எழுந்திருக்கவில்லை. அன்று நான் நடித்த நடிப்பு இருக்கிறதே, பிறகு சென்னையில்கூட அப்படி நடித்ததில்லை. முதலாளி என்னைத் திட்டவும் இல்லை. அடுத்த ஊரிலிருந்து அந்தக் காட்சிக்குப் பதில் கொடுக்க அவரே ஆள் வைத்துப் பின் பெஞ்சில் உட்காரவைத்தார்.

வேஷத்தைக் கலைத்துவிட்டு வெளியே ஓடினேன். மேல்மலைக்குப் போகும் லாரி புறப்படத் தயாராக நின்றது. அய்யா காலிச் சாக்குகளைக் கையில் வைத்துக்கொண்டு அதன் பக்கத்தில் நின்றிருந்தார். கோட்டுக்காரர் ஒருவர் அவரிடம் நாடகத்தைப் பற்றி விசாரித்துக்கொண்டிருந்தார். அந்த இன்ஸ்பெக்டர் யார் என்று கேட்டார்.

"எம் மகன்."

அந்தக் கிழவர்?

"எம் மகன்தேன்."

அப்படியென்றால் சேலை கட்டி வந்த அந்த அம்மா யார் என்றார் அவர். அய்யா சாக்குகளை லாரியில் போட்டுவிட்டுத் திரும்பினார். நான் நிற்பதைப் பார்த்தார். என்னைப் பார்த்துக்கொண்டேதான் சொன்னார்.

"அவளும் எம் மகன்தேன்."