கண்ணுக்கும் மூக்குக்கும் நடுவே ஒரு குழி

எங்கள் அடையாறு அடுக்குமாடிக் குடியிருப்பில் பாம்பு நிபுணர் நான்தான். யாரும் என்னைத் தேர்ந்தெடுக்கவில்லை. தேர்தல் வைத்திருந்தால் டெபாசிட்டே போயிருக்கும். அரிசோனாவில் மகள் வீட்டில் சில மாதங்கள் இருந்துவிட்டு வந்தவன் என்பதுதான் என் ஒரே தகுதி. அங்கே எனக்கு வேலை என்று எதுவும் இல்லை. பாத்திரம் தேய்க்கக்கூட இயந்திரம் இருந்தது. சனிக்கிழமைகளில் பக்கத்துப் பாலைவனப் பூங்காவில் வனக்காவலர் ஒருவர், கிலுகிலுப்பை விரியன் ஒன்றைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துக்கொண்டு பாடம் நடத்துவார். குழந்தைகளுக்கான வகுப்பு. முதல் வரிசையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தவர்களில் எனக்கு மட்டும்தான் வழுக்கை.

அங்கே கற்றதை ஊறுகாய் பாட்டிலைப்போல் பத்திரமாக ஊருக்குக் கொண்டுவந்தேன். அந்தப் பாம்பின் வால் நுனியில் நம் நகத்தைப் போன்ற பொருளால் ஆன வளையங்கள் இருக்கும். தோலுரிக்கும்போதெல்லாம் புதிதாக ஒன்று சேரும். ஆட்டினால் ஒன்றோடொன்று மோதிச் சத்தம் வரும். நச்சுப்பல் வாய்க்குள் மடக்குக் கத்திபோல் படுத்திருக்கும், கொத்தும்போது நிமிரும். எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்தது அந்தக் குழிதான். கண்ணுக்கும் மூக்குத் துவாரத்துக்கும் நடுவே, பக்கத்துக்கு ஒன்றாகச் சின்னக் குழி. கும்மிருட்டிலும் எலியின் உடற்சூட்டை அது கண்டுபிடித்துவிடும். குழிவிரியன் என்ற பெயரே அதனால்தான். குழி இருந்தால் விஷம் என்று வனக்காவலர் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தார். அவர் சொன்னது அவர் ஊருக்கு. நான் அதை அடையாற்றுக்கும் சேர்த்து வாங்கிக்கொண்டேன்.

எங்கள் மதிலுக்கு அந்தப் பக்கம் பெரிய பழந்தோட்டம். மழை பெய்தால் அங்கிருந்து ஏதாவது ஊர்ந்து வரும். உடனே குடியிருப்பு வாட்ஸ்அப் குழுவில் எனக்கு ஒரு படம் வரும். சாரை, தண்ணிப்பாம்பு, ஒருமுறை அறுந்துபோன ஷூ லேஸ். எல்லாவற்றுக்கும் தீர்ப்பு சொல்லியிருக்கிறேன். ஷூ லேஸுக்குக்கூட ஒரு நிமிடம் யோசித்தேன்.

எதிர் ஃபிளாட்டில் அண்ணாச்சி. தூத்துக்குடிப் பக்கத்துக்காரர். தி. நகர் ஜவுளிக்கடையை மகன்களிடம் கொடுத்துவிட்டு, காலையில் பூ பறிப்பதை முழுநேர வேலையாக வைத்திருப்பவர். பறிக்கும்போது செருப்பு போடமாட்டார். சாமிக்குப் போகிற பூ, செருப்புக் காலோடு தொடலாமா என்பார். மழை விட்ட ஒரு கார்த்திகைக் காலை, மதிலோரத்து நந்தியாவட்டைக்குக் கீழே நின்றுகொண்டு என்னைக் கூப்பிட்டார். சத்தம்கூடப் போடவில்லை.

“தம்பி, கால்ல சுருக்குன்னுச்சு. இங்கன பாம்புல்லா கெடக்கு.”

தலைமை விருந்தினரை மேடைக்கு அழைத்ததுபோல் போனேன். சருகுக்குள் தடித்த உடல். பழுப்பு நிறம், முதுகில் சங்கிலி கோத்ததுபோல் கரும்பொட்டுகள். விசில் வருவதற்கு முன் குக்கர் சீறுமே, அப்படிச் சீறிக்கொண்டிருந்தது. இதற்குமேல் ஒரு பாம்பு தன்னை எப்படி அறிமுகப்படுத்திக்கொள்ளும் என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை. நான் தள்ளி நின்று போனில் படம் எடுத்து, முகத்தை மட்டும் பெரிதாக்கிப் பார்த்தேன். பெரிய மூக்குத் துவாரம். கண். நடுவில் வெறும் செதில்.

“குழி இல்ல அண்ணாச்சி.”

“இல்லேன்னா?”

“விஷமில்ல. மலைப்பாம்புக் குட்டி. தோட்டத்துலேருந்து வழிதவறி வந்திருக்கு.”

“நீங்க சொன்னா சரிதான். அமெரிக்கா வரைக்கும் போய்ப் பாத்துட்டு வந்தவுக.” புறங்காலில் இரண்டு புள்ளிகள். குழாயடியில் கழுவிக்கொண்டார். “ஒங்க அண்ணிகிட்ட மூச்சு விட்ராதிய. தெருவையே கூட்டிருவா.”

நான் ஏன் மூச்சு விடப்போகிறேன். பாம்பு மதில் ஓட்டைக்குள் போனதும் படத்தைக் குழுவில் போட்டு, ‘பயப்பட வேண்டாம். விஷமற்றது’ என்று எழுதினேன். கட்டைவிரல்கள் வரிசையாக உயர்ந்தன. அண்ணாச்சி கூடையை நிரப்பினார். பூஜை செய்தார். வாங்க தம்பி, காபி சாப்பிடலாம் என்றார். போனேன். அவர் வீட்டுக் காபி அப்படி.

அண்ணி டம்ளரை நீட்டும்போதே கேட்டார். “ஏங்க, என்ன காலத் தாங்கித் தாங்கி வாரிய?”

“எறும்பு கடிச்சிட்டு.”

அதோடு நான் சும்மா இருந்திருக்கலாம். “மழைக்காலத்துல கட்டெறும்பு ஜாஸ்தி அண்ணி,” என்றேன். நல்ல விஷயத்தைச் சொன்னதற்காக இன்னொரு டம்ளர் காபி கிடைத்தது. அதையும் குடித்தேன்.

அண்ணாச்சி வாய் கொப்பளிக்க எழுந்தார். வாஷ்பேசின் சிவந்தது. மறுபடி கொப்பளித்தார், மறுபடியும் சிவப்பு. வேட்டியை உயர்த்திப் பார்த்தால், கணுக்கால் என்று ஒன்று இருந்த அடையாளமே இல்லை. அண்ணி என்னைப் பார்த்தார். அவரைப் பார்க்கவில்லை, என்னை.

“பாம்பு அண்ணி,” என்றேன். என் வாழ்நாளிலேயே மிகச் சுருக்கமான பாம்புச் சொற்பொழிவு அதுதான்.

காரை எடுத்தேன். சிக்னலில் முன்னால் ஓர் ஆட்டோ. நான் ஹாரனிலிருந்து கையை எடுக்கவில்லை.

“இன்னா நைனா, அமுக்கிக்கினே கீற, வண்டி பறக்குமா?” ஆட்டோக்காரர் இறங்கியே வந்துவிட்டார். பின் சீட்டில் அண்ணாச்சியின் உதட்டோரத்தைப் பார்த்ததும் குரல் மாறியது. “இத்த முன்னாடியே சொல்றதில்ல? வா, என் பின்னாலயே வா.” சந்து சந்தாகப் புகுந்து ஆஸ்பத்திரி வாசல்வரை கொண்டுவிட்டார். அவருக்கு நன்றி சொன்னேனா என்றுகூட நினைவில்லை.

டாக்டர் இளம்பெண். “எப்போ கடிச்சுது?” என்றார்.

“இப்பத்தாம்மா, செத்த முந்தி,” என்றார் அண்ணாச்சி. என்னைக் காப்பாற்றுகிறார் என்பது புரிந்தது. அந்தக் காப்பாற்றலை ஏற்றுக்கொள்ளலாம் என்று ஒரு கணம் ஆசை வந்ததும் உண்மை. அண்ணி பக்கத்திலேயே நின்றிருந்தார்.

“இல்ல டாக்டர். கடிச்சப்புறம் பூப்பறிச்சு, பூஜை பண்ணி, காபி குடிச்சு, எல்லாம் ஆச்சு. விஷமில்லேன்னு நான்தான் சொன்னேன்.”

“எத வச்சு சொன்னீங்க?”

“குழி இல்ல.” படத்தைக் காட்டினேன்.

அவர் போனைத் திருப்பித் தந்துவிட்டு, நர்ஸிடம் இரண்டு வார்த்தை சொல்லிவிட்டுத்தான் என்னிடம் திரும்பினார். “இது கண்ணாடி விரியன் சார். இதுக்குக் குழியே கிடையாது. குழி இருக்கறதெல்லாம் நம்ம பக்கம் மலைக்காட்டுலதான். ஊருக்குள்ள ஆளக் கொல்றது இதுதான்.”

அண்ணாச்சியின் கையிலிருந்து கொஞ்சம் ரத்தம் எடுத்து ஒரு கண்ணாடிக் குழாயில் விட்டு, அசைக்காமல் நிறுத்திவைத்தார்கள். இருபது நிமிடத்தில் உறைந்தால் நல்லது. உறையாவிட்டால், ரத்தம் உறைகிற சக்தியை விஷம் தின்றுவிட்டது என்று அர்த்தம். அண்ணி பெஞ்சின் அந்தக் கோடிக்குப் போய் உட்கார்ந்தார். என் போன் துடித்துக்கொண்டே இருந்தது. மூன்றாம் மாடிப் பையன் பெருங்குடி ஆபீசிலிருந்து எழுதியிருந்தான்: ‘தேங்க்ஸ் அங்கிள், நீங்க இருக்கறது எவ்ளோ தைரியம்.’ அழித்துவிடலாமா என்று நான் போட்ட செய்தியை அழுத்திப் பிடித்தேன். பிறகு விரலை எடுத்துவிட்டு, கீழே இன்னொன்று எழுதினேன்: ‘நான் சொன்னது தப்பு. அது கண்ணாடி விரியன். அண்ணாச்சியைக் கடித்துவிட்டது. யாரும் செருப்பில்லாமல் கீழே இறங்க வேண்டாம்.’ அதற்கு ஒரு கட்டைவிரலும் வரவில்லை.

குழாயைச் சாய்த்தார்கள். ரத்தம் தண்ணீரைப்போல ஓடியது.

விஷமுறிவு மருந்து ஏற்றினார்கள். ரத்தக் கசிவு நின்றது, ஆனால் சிறுநீரகம் படுத்துவிட்டது. சீக்கிரம் வந்திருந்தால் படுத்திருக்காதா என்று டாக்டரிடம் கேட்டேன். அப்படி உறுதியாகச் சொல்ல முடியாது, ஆனால் ஒவ்வொரு நிமிடமும் முக்கியம் என்றார். முதல் பாதியைப் பிடித்துக்கொள்ள எவ்வளவோ முயன்றேன். தூக்கத்தில் வந்ததெல்லாம் இரண்டாம் பாதி.

அண்ணாச்சியை இயந்திரத்தில் இணைத்து ரத்தத்தைச் சுத்தம் செய்த நாட்களில் நானும் வாசலில் இருந்தேன். பார்க்க வந்தவர்களிடம் அவர் சொன்னதுதான் தாங்கவில்லை. “தம்பி மட்டும் அன்னைக்கு காரை அந்த ஓட்டு ஓட்டலேன்னா நான் போய்ச் சேந்திருப்பேன்லா.” உறவினர்கள் என் கையைப் பிடித்துக் கும்பிட்டார்கள். ஒரு மகன் கடையிலிருந்து எனக்கு வேட்டி சட்டை கொண்டுவந்தான். நடந்ததைச் சொல்லித் திருப்பிக் கொடுத்தேன். “அப்பா எல்லாம் சொன்னாரு சார், இருக்கட்டும்,” என்று என் மடியிலேயே வைத்துவிட்டுப் போனான். திட்டியிருந்தால் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டிருப்பேன்.

அண்ணி மட்டும் பேசவில்லை. அண்ணாச்சி வீடு திரும்பிய பிறகு வாராவாரம் ரத்தப் பரிசோதனை. மகன்கள் கடை நேரம் என்றபோது, “அவரு கூட்டிட்டுப் போவாரு,” என்று என் கதவைக் காட்டினாராம். தண்டனையா மன்னிப்பா என்று கேட்க எனக்குத் துணிச்சலில்லை. ஒவ்வொரு வாரமும் சாவியை எடுத்துக்கொண்டு தயாராக நின்றேன். அண்ணி பின் சீட்டில், ஜன்னல் பக்கம் திரும்பியபடி.

போன வாரம் டாக்டர், சிறுநீரகம் பழைய நிலைக்குத் திரும்பிவிட்டது, இனி வாராவாரம் வர வேண்டாம் என்றார். அண்ணாச்சி மருந்துக் கடைக்கு நகர்ந்த இடைவெளியில் அண்ணி முதல்முறையாக என்னிடம் வாய் திறந்தார்.

“இனிமே அவுக ஒங்கள எதக் கேட்டாலும், தெரியாதுன்னு சொல்லுங்க.”

“சரி அண்ணி.”

“தெரிஞ்சாலும்.”

“சரி.”

கார் பாலம் ஏறும்போது அண்ணாச்சி தொண்டையைச் செருமினார். “தம்பி, ஒரு சந்தேகம். எல்லாப் பாம்பும் முட்டைதான் போடும், இந்தக் கண்ணாடி விரியன் மட்டும் குட்டி போடுமாமே. மெய்தானா?”

மெய்தான். முட்டை தாயின் வயிற்றுக்குள்ளேயே இருந்து, குட்டியாகவே வெளியே வரும். வேறு சில பாம்புகளும் அப்படி உண்டு. பிறந்த நிமிடமே அந்தக் குட்டிக்கு விஷமும் பல்லும் தயார். இன்னும் எவ்வளவோ சொல்லலாம். நாக்கு நுனிவரை வந்து நின்றது. காரின் பின்பார்வைக் கண்ணாடியில் அண்ணி என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“தெரியல அண்ணாச்சி.”

“அட, இதுகூடவா தெரியாது?”

“தெரியாது.”

அவர் சிரித்துக்கொண்டே ஜன்னல் கண்ணாடியை இறக்கினார். அண்ணி முகத்தைத் திருப்பி ஆற்றைப் பார்த்தார். நாக்கு நுனியில் நின்றதையெல்லாம் விழுங்கினேன். வீடு வரும்வரை இருமிக்கொண்டே ஓட்டினேன்.