எங்கள் வீட்டுச் சித்தர்

என் கணவர் குடும்பத்தில் ஒரு சித்தர் உண்டு. மாமனாரின் தம்பி. நாற்பத்தைந்து வயதில் ஸ்ரீவில்லிபுத்தூர் வீட்டிலிருந்து கட்டிய வேட்டியோடு மலைக்குப் போனவர் திரும்பவே இல்லை. அவர் படத்துக்கு மாலை போட்டுப் பௌர்ணமிதோறும் சர்க்கரைப் பொங்கல் படைப்பார்கள். பெருமை தாங்காது.

என் கணவர் ராஜபாளையத்தில் மில் ஃபிட்டர். குடியில்லை, பீடியில்லை. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் ஒரு காலை, கையில் ஸ்பேனரை வைத்துக்கொண்டு அதன் பெயர் தெரியாமல் நின்றார். மண்டையைப் பிளக்கும் தலைவலி முன்பே இருந்தது. பிறகு வாய் கோணியது, சரியானது. மறுபடி கோணியது.

என் கணவரின் அண்ணன், மூத்த மைத்துனர், உடனே காரணம் கண்டுபிடித்துவிட்டார். "எங்க வம்சத்துல புத்தி கெட்டவன் எவனும் கெடையாது. எல்லாம் இவ ஆக்கிப் போடுற சாப்பாடுதான்." சுற்றி நின்றவர்கள் தலையாட்டினார்கள். அந்தத் தலைகளுக்கு ஆடுவது ஒன்றுதான் தெரியும்.

மதுரையில் ஸ்கேன் எடுத்தோம். மைத்துனரும் கூடவே வந்தார், நான் எதையாவது உளறிவிடாமல் காவல் காக்க. மூளைக்குள் ஓடும் சின்னச் சின்ன ரத்தக் குழாய்கள் கெட்டுப்போயிருக்கின்றன என்றார் டாக்டர். பிரஷர் இல்லை, சர்க்கரை இல்லை. "குடும்பத்துல வேற யாருக்காவது?"

"யாருக்குமே இல்ல சார்" என்றார் மைத்துனர்.

"எங்க மாமனாருக்கு அம்பது வயசுக்குள்ள கை கால் விழுந்துச்சு சார். சின்ன மாமா சாமியாராப் போயிட்டாக" என்றேன் நான்.

"போறதுக்கு முன்னாடி எப்படி இருந்தார்?"

அவர் மனைவி, என் சின்ன மாமியார், என்னிடம் சொல்லி அழுதிருக்கிறார். அதைச் சொன்னேன். தலைவலி என்று சுவரில் முட்டிக்கொள்வாராம். கடையிலிருந்து வீட்டுக்கு வழி தெரியாமல் தெருவில் நிற்பாராம். சட்டையைத் திருப்பிப் போடுவாராம்.

டாக்டர் பேனாவைக் கீழே வைத்தார். "இது ரத்த வழியா வர்ற நோய் மாதிரி தெரியுதும்மா. பெத்தவங்கள்ல ஒருத்தருக்கு இருந்தா, ஒவ்வொரு பிள்ளைக்கும் வரலாம், வராமலும் போகலாம். பாதிக்குப் பாதி."

மைத்துனர் பஸ்ஸிலிருந்து இறங்கியதும் சீறினார். "சாமியப் பைத்தியமாக்கிட்டியே! எம்மகளுக்கு மாப்பிள்ளை பாத்துக்கிட்டிருக்கேன். வாயத் தொறந்தே, அம்புட்டுத்தான்."

கல்யாணத்துக்கு எங்களைக் கூப்பிடவில்லை. தம்பியின் கோணிய வாய் பந்தலுக்கு அழகில்லையாம். சித்தர் படம் மட்டும் மணவறைக்குப் பக்கத்தில் ஜம்மென்று இருந்ததாகக் கேள்வி.

ஆறேழு வருடம் படுத்தும் நடந்தும், கடைசியில் நான் யாரென்று தெரியாமலும் என் கணவர் போய்ச் சேர்ந்தார். அதற்குள் மைத்துனருக்கு இடது கால் இழுக்க ஆரம்பித்திருந்தது. ஸ்கூட்டரிலிருந்து விழுந்ததாக ஊரெல்லாம் சொல்லிக்கொண்டார். அவருக்கு ஸ்கூட்டர் ஓட்டவே தெரியாது.

ஒரு மத்தியானம் அவர் மகள் தனியாக வந்தாள். ஆறு மாதக் கர்ப்பம்.

"சித்தி, அப்பாவுக்கு வந்திருக்கது சித்தப்பாவுக்கு வந்ததுதானே? எனக்கும் வருமா?"

அந்தக் குடும்பத்தில் ஒருவர் வாய் திறந்து கேட்ட முதல் கேள்வி அது. அவளை உட்காரவைத்து, டாக்டர் சொன்னதை ஒன்றுவிடாமல் சொன்னேன்.