அமாவாசையன்று திறந்த ஷட்டர்

புயல் கரையைக் கடந்த மறுநாளும் திருவொற்றியூரில், கடலில் சேரும் கால்வாயை ஒட்டிய அந்தத் தெருவில் முழங்கால் அளவு தண்ணீர் நின்றது. மழைநீர் வடிகால் பிரிவில் நான் ஒப்பந்தப் பொறியாளர். கட்டுப்பாட்டு அறை கொடுத்த பட்டியல் கையில் இருந்தது: மோட்டார், டீசல், மணல் மூட்டை, ஷட்டர். தெருவின் வடிகால், கால்வாயில் சேரும் இடத்திலுள்ள இரும்புக் கதவுதான் ஷட்டர். தண்ணீர் தேங்கினால் திறக்கவும் என்று போட்டிருந்தது.

கடைசி வீட்டில், செங்கல் வைத்து உயர்த்திய கட்டிலில் ஒரு பெண் ஒன்பது நாள் குழந்தையோடு உட்கார்ந்திருந்தாள். என்னைவிடச் சின்னவள். மெயின் ரோட்டில் இடுப்பளவு சாக்கடைத் தண்ணீர். அவளை ஏற்றிப்போக வரவேண்டிய மீட்புப் படகு மணலிப் பக்கம் போய்விட்டது. கட்டில் நனைந்தால் பச்சைக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு அந்தத் தண்ணீரில்தான் இறங்க வேண்டும்.

காலை ஒன்பது மணிக்கு ஷட்டரைத் திறக்கச் சொன்னேன். என்னோடு வந்த தொழிலாளர் இரண்டு பேர் கதவின் சக்கரத்தைச் சுற்றினார்கள். வடிகாலில் மிதந்த ஆகாயத்தாமரை ஒரு கணம் நின்றது. பிறகு எங்களை நோக்கி வந்தது.

“இன்னா மேடம், வெளிய போவும்னீங்க, உள்ள வந்துகினு கீது?” என்றான் சக்கரத்தைச் சுற்றியவர்களில் ஒருவன்.

“பேப்பர தலகீழா புட்ச்சிகினாங்க போல, மாமு” என்றான் மற்றவன்.

சிரித்தவர்கள் தண்ணீர் தொடையைத் தொட்டதும் அடங்கினார்கள்.

அந்தப் பெண் ஜன்னல் வழியாகக் கத்தினாள். “யக்கா, இன்னிக்கு அமாவாசை! காலையில கடலு தூக்கிகினு நிக்கும். எங்க வூட்டுக்காரு தெனம் கடலுக்குப் போறாரு, எனக்குத் தெரியாதா? எவன் தொறக்கச் சொன்னான்?”

“நான்தான்.”

“நல்லா சொன்ன, போ. மூடச் சொல்லுக்கா!”

மூடினோம். மோட்டாரை ஓடவிட்டு, கட்டுப்பாட்டு அறைக்குப் போன் செய்தேன்.

“லிஸ்ட்ல தொறக்கணும்னுதானம்மா இருக்கு?” என்றார் அதிகாரி.

“கால்வாய் தெருவைவிட உயரமா நிக்குது சார். கடல் இறங்குற வரைக்கும் எங்கயும் திறக்காதீங்க.”

சற்று யோசித்தவர், மற்ற இடங்களுக்கும் சொல்வதாகச் சொன்னார்.

பிறகு காத்திருப்பதைத் தவிர வேலை இல்லை. சூரியனும் சந்திரனும் ஒரே வரிசையில் நின்று கடலை இழுப்பதைப் பரீட்சையில் படம் வரைந்து காட்டியிருக்கிறேன். அதன் எடையை அன்றுதான் கால்களில் உணர்ந்தேன். எங்கோ நிரம்பிய ஏரிகளின் தண்ணீர் மேற்கிலிருந்து வந்துகொண்டிருந்தது. காற்று குவித்த கடல் கிழக்கே கதவடைத்து நின்றது. கண்ணுக்கே தெரியாத நிலா, இவ்வளவையும் பிடித்து நிறுத்தி, இந்தத் தெருவில் எத்தனை அங்குலம் என்று தீர்மானித்துக்கொண்டிருந்தது.

பன்னிரண்டு மணி வாக்கில் கால்வாயின் ஓட்டம் நின்றது. மெல்லத் திரும்பியது. ஷட்டரைத் தூக்கினோம். தெருவின் தண்ணீர் முழுவதும் ஒரே திசையில், பெரும் இரைச்சலோடு ஓடியது.

ஐந்து மணிக்கு மெயின் ரோட்டில் கணுக்கால் அளவுதான். கட்டில் கடைசிவரை நனையவில்லை. அவள் குழந்தையைத் துணியில் சுற்றிக்கொண்டு வாசலுக்கு வந்தாள்.

“ராவுக்கு இன்னொரு தபா ஏறும்ல, யக்கா?”

“ஏறும். ஒன்பது மணிக்கு.”

“அப்போ இப்பவே எங்கம்மா வூட்டுக்குப் போயிட்றேன். மாடி வூடு.”

அவள் முன்னே நடந்தாள். நான் தூறலில் குழந்தை நனையாமல் குடை பிடித்துக்கொண்டு பின்னால் போனேன்.